பொறுமைசாலியின் பிள்ளைக்குப் பேர்

மீமிசல் போகும் பஸ் அறந்தாங்கியிலேயே நின்றுகொண்டிருந்தது. கிளம்பச் சொல்லி டிரைவரிடம் சத்தம் போட்டுவிட்டு வந்து உட்கார்ந்தவர், பக்கத்திலிருந்த விவசாயியிடம் சொன்னார்:

"எம் பேரு சாபிருங்க. அரபியில பொறுமைசாலின்னு அர்த்தம்."

விவசாயி சிரித்துவிட்டார். சாபிரும் சேர்ந்து சிரித்தார்.

"எங்காளுக மவுத்து வீட்டுல, அதான் சாவு வீட்டுல, 'சபூர் செய்ங்க'ன்னுதான் ஆறுதல் சொல்லுவாங்க. அதுலேருந்து வந்த பேரு. நான் மீன் ஆணத்துல உப்பு கொறஞ்சதுக்குத் தட்டைத் தூக்கி வீசினேன். மாசமா இருந்த எம் பொண்டாட்டி மீமிசலுக்குத் தாய் வீடு போயிட்டா."

"அப்புறம்?"

"ஆம்பளப் புள்ள பொறந்திருக்கு. நாளைக்கு ஏழாம் நாளு. அய்யூப்னு பேரு வைக்கணுமாம். அய்யூப் நபி சொத்து, புள்ளைங்க எல்லாம் போயி, ஒடம்பு புண்ணாகியும் பொறுத்துக்கிட்டவங்க."

"அவரு மாதிரி புள்ள வளரணும்னு ஆசைப்படுறாங்க."

"அதில்லங்க. ஒங்களை வாப்பான்னு கூப்பிடப்போற புள்ளைக்கு அந்தப் பேருதான் தேவைப்படும்னு கடுதாசி எழுதியிருக்கா."

"கோவம் வரலையா?"

"வந்துச்சு. கிழிச்சுப் போட்டேன். அப்புறம் நானே குனிஞ்சு பொறுக்கி, சேத்து வச்சுப் படிச்சேன். நாளைக்குப் புள்ள காதுல அந்தப் பேரை நாந்தான் சொல்லப்போறேன்."