அனார்கான் எஜே அழிக்கச் சொன்ன மந்தை

நிலத்தின் நாடி பிடித்து நோயறிந்த நுண்கணித நங்கையே, சிற்றலைகளைச் சலித்துச் சலித்துச் சத்தத்துக்குள் சேதி தேடிய சலியாத சிந்தையே, பனிமலை உருகும் மெல்லொலியைப் பிஷ்கெக் நகரத்து மூன்றாம் மாடியில் அமர்ந்தபடியே கேட்ட அருஞ்செவியே, எங்கள் ஆய்வுக்கூடத்தின் அன்புக்கும் அச்சத்துக்கும் ஒருங்கே உரிய அனார்கான் எஜே அவர்களே, வணக்கம்.

பணி ஓய்வில் விடைபெறுபவரை மலை என்றும் கடல் என்றும் விளிப்பது இத்தகைய மடல்களின் முறை. மலை நமக்குச் சன்னலைத் திறந்தாலே நிற்கிறது. கடலோ நம் நாட்டில் கிடையாது. ஆகவே மூத்த சகோதரியை அழைக்கும் எஜே என்ற ஒரு சொல்லோடு நிறுத்திக்கொள்கிறோம். உங்களைவிட வயதில் மூத்த இயக்குநர் கனிபெக் அவர்களும் உங்களை அப்படித்தான் அழைத்திருக்கிறார், நீங்கள் கோபமாக இருந்த நாட்களில். மடல் எழுதும் பொறுப்பு உங்கள் பக்கத்து மேசைக்காரி சய்ரகுல்லின் தலையில் விழுந்தது. கையொப்பம் எல்லோருடையது, பிழைகள் அவளுடையவை.

இளமையின் விடியலில் இந்த வாசலை மிதித்து, தலைமயிர் வெண்பனி பூத்த பின்பும் தளராது தொடர்ந்த உங்கள் தொண்டினை எங்கிருந்து சொல்லத் தொடங்குவது? புதிதாகச் சேர்ந்தவர் எவரும் உங்களிடம் முதலில் கேட்பது, சிற்றலை என்றால் என்ன என்பதுதான். பாடநூல் பதிலை நீங்கள் ஒருநாளும் சொன்னதில்லை. “தூரத்துலேருந்து பாத்தா மலை. கிட்டப் போனா பாறை. குனிஞ்சா மண்ணு. எல்லாம் அதே மலைதான். ஒரே தூரத்துல நின்னு பாத்துட்டு மலையைப் பாத்தேன்னு சொல்லாத” என்பீர்கள். பள்ளத்தாக்கில் புதைத்த நிலச்செவிகள் அனுப்பும் அதிர்வை, கண் பெரிய சல்லடை முதல் கண் சிறிய சல்லடை வரை ஒவ்வொன்றாக இட்டுச் சலிக்கும் கணக்கை எழுதினீர்கள். பெரிய கண்ணில் நிற்பது மலையின் மெதுவான அசைவு; சிறிய கண்ணில் நிற்பது கல்லின், காலின், குளம்பின் துடிப்பு. இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால், பனியாற்றின் மடியில் தேங்கிய ஏரி எப்போது உடைத்துக்கொண்டு கீழே தாஷ்-புலாக் கிராமத்தின் மேல் பாயும் என்று முன்னறியலாம். அறிந்தவுடன் கிராமத்துச் சைரன் தானே கத்தும். உங்கள் வாழ்நாள் உழைப்பின் சாரம் இவ்வளவே. இதைப் புரிந்துகொள்ளத்தான் எங்களுக்கு இத்தனை வருடம் பிடித்தது.

சைரன் கத்தியது. மழைக்காக அல்ல, வெள்ளத்துக்காக அல்ல, ஆட்டுக்காகக் கத்தியது. கோடை மேய்ச்சல் முடிந்து மந்தைகள் ஆற்றுத்தடம் வழியே இறங்கும்போதெல்லாம், ஆயிரம் குளம்புகளின் ஓசையை நம் கணக்கு வெள்ளம் என்று எடுத்துக்கொண்டது. ஒரு கல்யாண விருந்தின் நடுவே ஊரே குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஓடியது. திரும்பி வந்தபோது கொப்பரையில் இருந்த குதிரை இறைச்சி முழுவதும் நாய்களுக்கு விருந்தாகியிருந்தது. மறுவாரம் சைரனின் வாயில் கம்பளியை அடைத்துக் கட்டிவிட்டார்கள். “அனார்கான் ஜுமாபேகோவ்னா, உங்க மெஷின் ஆட்டுக்கறி வாசனைக்குக் கத்துதாமே” என்று தகப்பன் பெயரையும் சேர்த்து அழைத்து இயக்குநர் கேட்டார். நீங்கள் அன்று மாலையே மலைக்கு வண்டி ஏறிவிட்டீர்கள்.

அங்கேதான் மேய்ப்பர் எஷிம்குல் உங்களுக்கு அறிமுகமானார். அந்த முதல் பேச்சு எங்கள் தேநீர் வேளைகளில் நீங்களே பலமுறை நடித்துக் காட்டியது. ஆகவே நினைவிலிருந்தே எழுதுகிறோம்.

“எஷிம்குல், உன் மந்தையை இந்தத் தடத்துல மேலயும் கீழயும் கொஞ்ச நாள் ஓட்டிக் காட்டுவியா?”

“எதுக்கு எஜே? ஆடுங்களுக்கு அணிவகுப்பா?”

“ஆடு நடந்தா எப்படி இருக்கும்னு மெஷினுக்குக் கத்துக் குடுக்கணும்.”

“அதுக்குக் கண்ணு இருக்கா?”

“காது மட்டும்தான்.”

“அப்ப என் மச்சானுக்கு மேல. அவனுக்கு வாய் மட்டும்தான்.”

அந்தக் கோடையில் எஷிம்குல் ஓட்டினார், நீங்கள் பதிந்தீர்கள். மந்தை முன்னே போக, கூலா என்ற தம் மஞ்சட் பழுப்புப் பெட்டைக்குதிரையில் அவர் பின்னே போனார். அவர் வீட்டுக் கூடாரத்தில் நீட்டிய குமிஸ் என்னும் புளித்த குதிரைப்பாலை, கிர்கிஸ் மண்ணில் பிறந்தும் குமிஸ் பிடிக்காத ஒரே பெண்மணியான நீங்கள், முகம் சுளிக்காமல் குடித்தீர்கள். அறிவியலுக்காக நீங்கள் செய்த தியாகங்களில் தலையாயது அதுவே என்பது எங்கள் தாழ்மையான கருத்து. திரும்பி வந்து, மந்தையின் ஓசை எந்தச் சல்லடையில் எப்படி நிற்கும் என்று வார்த்தெடுத்தீர்கள். அதைக் கழித்துவிட்டு மிச்சத்தைக் கேள் என்று கருவிக்குச் சொன்னீர்கள். சைரன் அடங்கியது. ஊரார் கம்பளியை அவிழ்த்தார்கள். இனி மந்தையை இறக்குமுன் மேய்ப்பர்கள் நமக்கு ஒரு போன் செய்ய வேண்டும் என்று ஓர் ஏற்பாடும் ஆயிற்று.

இதற்குமேல் எழுதுவது கடினம். ஆனாலும் பாராட்டு மடலில் பாதியை மட்டும் எழுதுவது உங்களுக்குப் பிடிக்காது.

பள்ளத்தாக்கின் கருவி சின்னச் சூரியத் தகட்டை நம்பி வாழ்வது. அதன் பசியைக் குறைக்க ஒரு விதி எழுதினீர்கள்: சிறு சல்லடைகளில் மந்தை என்று தெளிவாகத் தெரிந்துவிட்டால், பெரிய சல்லடையைத் திறக்க வேண்டாம். எவரும் எழுதியிருக்கக்கூடிய விதி. நாங்கள் எல்லோரும் படித்துத் தலையாட்டிய விதி. பள்ளிக்கூடங்கள் திறக்க இருந்த அந்த ஆகஸ்டு இறுதியில், வெயில் பனியாற்றைக் கரைத்துக்கொண்டிருந்த ஒரு நண்பகலில், எஷிம்குல்லின் மந்தை இறங்கியது. அதற்குப் பின்னாலேயே ஏரியும் இறங்கியது. குளம்போசையைக் கேட்ட கருவி, தனக்குச் சொல்லிக்கொடுத்தபடியே, மந்தை என்று எழுதிவிட்டு வாளாவிருந்தது. அதற்குக் கற்றுத்தந்த அதே மந்தைதான் அது.

சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரித்த கையோடு நீங்கள் திரையைப் பார்த்தீர்கள். எதையோ சந்தேகித்துப் பெரிய சல்லடையைக் கையால் திறந்தீர்கள். மெதுவாக, மிக மெதுவாக வீங்கும் ஓர் அலை அங்கே இருந்தது. ஆட்டுக்கு அப்படி ஓர் அலை கிடையாது. நீங்கள் சைரனின் விசையை அழுத்தினீர்கள், ஊர் மேட்டுக்கு ஏறியது, ஓர் உயிரும் போகவில்லை. செய்தித்தாள்கள் அப்படித்தான் எழுதின. ஓர் உயிரும் என்றால் மனித உயிர். எஷிம்குல் சரிவில் தொற்றிப் பிழைத்தார். அவர் மந்தை பிழைக்கவில்லை. கூலாவும் பிழைக்கவில்லை. கருவி தானே முன்பே கத்தியிருந்தால் மந்தை ஆற்றுத்தடத்தின் குறுகிய இடுக்கைத் தாண்டியிருக்கும் என்பதை அன்றிரவே நீங்கள் கணக்கிட்டுவிட்டீர்கள் என்று எங்களுக்குத் தெரியும். அரசு உங்களுக்குத் தந்த பாராட்டுப் பத்திரம் இன்றுவரை நம் தேநீர்க் கெண்டிக்கு அடியில் இருக்கிறது.

பிறகு அந்த விதியைக் கிழித்தெறிந்தீர்கள். எந்தச் சல்லடையும் இன்னொன்றுக்காக மூடப்படாத புதுக் கணக்கை எழுதினீர்கள். மந்தையும் வெள்ளமும் ஒன்றாக வந்தாலும் இரண்டையும் பிரித்துச் சொல்லும் அதை, இன்று அண்டை நாடுகளின் மலைகளிலும் நம்பிக்கையோடு வைத்திருக்கிறார்கள். புகழ் பெற்றீர்கள். சிரிப்பு மட்டும் குறைந்துபோயிற்று.

மேய்க்க மந்தையில்லாத எஷிம்குல் நகருக்கு வந்து மினிபஸ் ஓட்டத் தொடங்கினார். விதி பொல்லாதது, அவருடைய வழித்தடம் நம் வாசல் வழியாகப் போனது. அன்றுமுதல் நீங்கள் மினிபஸ் ஏறுவதை விட்டீர்கள். பனி கொட்டும் சனவரியிலும் பின்தெருவைச் சுற்றி நடந்தே வீடு போனீர்கள். கேட்டால், முழங்காலுக்கு நல்லது என்றீர்கள். முழங்கால் அப்படி நினைக்கவில்லை என்பது உங்கள் நடையில் தெரிந்தது. ஆனாலும் கேட்பது மரியாதையில்லை என்று நாங்கள் வாயை மூடிக்கொண்டிருந்தோம். அந்த மரியாதையை நினைத்து இன்று வருந்துகிறோம்.

சென்ற வாரம், மேசையை ஒழித்துக்கொண்டிருந்த நீங்கள் சய்ரகுல்லை அழைத்து ஒரே ஒரு கட்டளை இட்டீர்கள்.

“எஷிம்குல் மந்தையோட பதிவை அழிச்சிடு. வேற மந்தையைப் பதிஞ்சு வெச்சுக்கோங்க.”

“நல்லாத்தானே எஜே வேலை செய்யுது?”

“செத்துப்போன ஆடுங்க அது. நான் போனப்புறமும் இங்க நடந்துகிட்டே இருக்க வேண்டாம்.”

உங்கள் சொல்லை இந்தக் கூடத்தில் எவரும் தட்டியதில்லை. சய்ரகுல்லும் தட்ட நினைக்கவில்லை. அழிக்குமுன், அந்த ஆடுகளுக்குச் சொந்தக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடலாம் என்று மட்டும் நினைத்தாள். வாசலில் வந்த மினிபஸ்ஸில் ஏறி, ஓட்டுநருக்குப் பின் இருக்கையில் உட்கார்ந்து, யாரென்று சொல்லி, சேதியைச் சொன்னாள்.

“அந்தச் சத்தம் இன்னும் இருக்கா?” என்றார் எஷிம்குல்.

“இருக்கு.”

“கூலா நடக்கறதுமா?”

“எல்லாமே இருக்கு.”

அதற்குப் பிறகு அவர் எந்த நிறுத்தத்திலும் நிறுத்தவில்லை. “யோவ், என் வீடு போயிடுச்சு” என்று பின்னால் ஒருவர் கத்தினார். “இந்த ஆளுக்கு வண்டியை யாருய்யா குடுத்தது, சந்தையைத் தாண்டிட்டோம்” என்றார் கூடைக்கார அம்மா. ஒருவழியாக ஓரங்கட்டி, எல்லோரையும் இறக்கிவிட்டு, அவர் திரும்பிப் பார்த்துக் கேட்ட கேள்வியை உங்களிடம் சேர்ப்பிக்கவே இந்த மடல் இவ்வளவு நீண்டது.

“எஜேவுக்கு இன்னும் என் மேல கோவம் தீரலையா?”

“அவங்களுக்கா? உங்க மேலயா?”

“அன்னிக்கு நான் போன் பண்ணாம மந்தையை இறக்கிட்டேன்ல. பொண்ணுக்குப் பள்ளிக்கூடம் தொறக்குதுன்னு அவசரம், மறந்தே போச்சு. பண்ணியிருந்தா அவங்க பாத்துகிட்டே இருந்திருப்பாங்க. என் மறதியால அவங்க மெஷினுக்குக் கெட்ட பேரு. இந்த ரூட்டை நான்தான் கேட்டு வாங்கினேன். ஒரு நாள் ஏறுவாங்க, மன்னிப்புக் கேட்டுக்கலாம்னு. என் வண்டியைக் கண்டாலே அடுத்த தெருவுல திரும்பிடறாங்க.”

எஜே, நீங்கள் உங்கள் விதியைச் சுமந்துகொண்டு பின்தெருவில் நடந்தீர்கள். அவர் தம் போனைச் சுமந்துகொண்டு முன்தெருவில் ஓட்டினார். இரண்டு தெருக்களையும் ஒரே சன்னலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்த நாங்கள், ஏரியின் அசைவைக்கூட அளந்தோமே தவிர, இதை அளக்கவில்லை. 

பதிவில் இருக்கும் அந்த அதிர்வு மனிதக் காதுக்கு எட்டாத அளவு தாழ்ந்தது. வேகத்தைக் கூட்டினால் கேட்கும். எஷிம்குல்லைக் கேட்க வரச் சொன்னோம். “பதிஞ்சவங்க இல்லாம நான் மட்டும் கேக்க மாட்டேன்” என்று சொல்லிவிட்டார்.

ஆகவே அனார்கான் எஜே அவர்களே, அளவுகளின் அரசியே, அளவிலாப் பொறுமையின் உறைவிடமே, உங்கள் கட்டளைகளில் ஒன்றை, முதன்முறையாகவும் கடைசியாகவும், நாங்கள் மீறிவிட்டோம். மந்தையை அழிக்கவில்லை. இன்று உங்கள் தோளில் போர்த்தும் இந்தப் பூவேலை அங்கியின் வலப்பக்கப் பையில், காதுக்குக் கேட்கும் வேகத்தில், ஒரு பென்டிரைவில் அதைப் பதிந்து வைத்திருக்கிறோம். நோயற்ற உடலும் நோகாத முழங்காலும் பெற்று, பேரப்பிள்ளைகள் சூழ, பனியும் வெயிலும் பார்த்து நீங்கள் நெடுங்காலம் வாழ வேண்டும். குமிஸ் எவரும் நீட்டாத வீடுகளுக்கே விருந்துக்குப் போக வேண்டும்.

மேசையில் இருக்கும் போர்சோக் ரொட்டிகளில் ஒரு பொட்டலத்தைத் தனியே கட்டியிருக்கிறோம், அதை மறக்காமல் எடுத்துச் செல்லுங்கள். அது உங்களுக்கல்ல. கூட்டத்துக்கு வந்தால் அழுதுவிடுவேன் என்று சொல்லி ஒருவர் உள்ளே வர மறுத்துவிட்டார். முற்றத்தில் வழித்தடப் பலகையைக் கழற்றிய ஒரு மினிபஸ் நிற்கிறது. முன் இருக்கையை யாருக்கும் கொடுக்காமல் வைத்திருக்கிறார்.

பின்தெரு இன்று பனியில் வழுக்கும், எஜே. முன்வாசல் வழியாகப் போங்கள்.

இங்ஙனம்,
உங்கள் சொல்லை ஒருமுறை மீறிய
ஆய்வுக்கூடப் பணியாளர்கள் அனைவரும்
பிஷ்கெக்