படத்தில் மாற்றிய இடம்

தவசி: ...இம்புட்டுப் பொய்யாவா ஒரு படம் எடுப்பான்? பஸ் வரட்டும், ஊரு போயிச் சேர்ற வரைக்கும் திட்டிக்கிட்டே வாரேன்.

ஒச்சாயி: மெதுவாப் பேசுங்க மாமா, பழங்காநத்தம் பஸ் ஸ்டாப்பே திரும்பிப் பாக்குது. உங்க கதையப் படமா எடுத்திருக்கான், கொஞ்சம் சந்தோசப்படுங்களேன்.

தவசி: என் கதை நாவல்ல இருக்கு. எழுத்தாளர் நம்ம வீட்டுல உக்காந்து, கேட்டுக் கேட்டு எழுதுனாரு. பண்ணையாரு வைக்கோல் படப்ப நான் கொளுத்துனேன், ரெண்டு வருசம் ஜெயில்ல கெடந்தேன், வந்தேன். அம்புட்டுதான்.

ஒச்சாயி: அதப் படிச்சிட்டுத்தான் கல்லுப்பட்டியே உங்களத் 'தீக்குச்சி'ங்குது.

தவசி: சொல்லிட்டுப் போறான்.

ஒச்சாயி: அப்பாவுக்கு ஏன் அந்தப் பேருன்னு நேத்து நம்ம மக கேக்குறா.

தவசி: ...அதுக்காக? படத்துல கொளுத்துனது பொண்டாட்டியோட தம்பியாம். ஹீரோ பழியத் தன் தலையில போட்டுக்கிட்டு ஜெயிலுக்குப் போறாராம். போலீஸ் வேன்ல ஏறுறப்ப டூயட் வேற.

ஒச்சாயி: டூயட்டு நல்லாத்தான இருந்துச்சு. உங்களுக்குத்தான் ஆட வராது.

தவசி: அந்த வேன்ல ஏறிப் பாத்தாத் தெரியும்டி, ஆட்டம் வருமான்னு.

ஒச்சாயி: அந்தத் தம்பி அழுத எடத்துல, துண்டால கண்ணத் தொடச்சீங்களே...

தவசி: முன்னால உக்காந்திருந்தவன் பீடிப் புகை.

ஒச்சாயி: பீடின்னதும் ஞாபகம் வருது. பீடி பத்தவச்ச குச்சியாலதான் படப்புக்கும் வச்சேன்னு கோர்ட்டுல சொன்னீங்கள்ல?

தவசி: சொன்னேன். அதுக்கென்ன?

ஒச்சாயி: நீங்க பீடி பழகுனதே ஜெயில்லதான மாமா? போறப்ப வெத்தலை கூடப் போட மாட்டீங்க.

தவசி: ...பஸ்ஸு வருதா பாரு.

ஒச்சாயி: அது திருமங்கலத்தோட நின்னுரும்.

தவசி: இந்தா பாரு புள்ள. தையில மகளுக்குக் காதுகுத்து. தாய்மாமன் மடியில உக்கார வச்சுத்தான் குத்தணும். சினிமாக்காரன் பேச்சக் கேட்டு, நீ உன் தம்பி காளைகிட்ட மூஞ்சியத் திருப்பாத. கூடப் பொறந்தது அவன் ஒருத்தன்.

ஒச்சாயி: நான் காளை பேரையே எடுக்கலையே.

தவசி: இரு, கண்ணு கரிக்குது. துண்டு எங்க?

ஒச்சாயி: என்ன, அதுக்கும் பீடிப் புகையா?

தவசி: அப்பப் பதினேழு வயசுடி அவனுக்கு. பண்ணையாரு ஆளுங்க மாட்டப் பிடிச்சுக் கட்டிட்டாங்கன்னு கோவத்துல வச்சுட்டான். உள்ள போயிருந்தா ஆளே நொறுங்கியிருப்பான். மடியில வைக்க விடமாட்டேன்னு மட்டும் சொல்லிறாத...

ஒச்சாயி: அவன் மடியிலதான் குத்துவோம். அதுக்கு முன்னாடி அவன் இந்தப் படத்தப் பாத்துட்டு வரணும்.

தவசி: அது இருக்கட்டும். நான் யார்கிட்டயும் மூச்சு விடல. எழுத்தாளருக்கே தெரியாது. படக்காரனுக்கு எப்படித் தெரிஞ்சுச்சு?

ஒச்சாயி: நீங்க சந்தைக்குப் போன அன்னைக்கு படக்காரங்க வீட்டப் பாக்கணும்னு வந்தாங்கள்ல... காபியக் குடுத்துட்டு, நாவல்ல ஒரு எடம் மட்டும் தப்புன்னு சொன்னேன். நம்ம பஸ்ஸு வந்துருச்சு, ஏறுங்க.