முதுகுக்குள் குதிரை வால்

ஆஸ்பத்திரியில் எனக்கு முன்னால் இரண்டு நெசவாளர்கள் உட்கார்ந்திருந்தார்கள். பெரியவரிடம் ஊன்றுகோல் இருந்தது. சின்னவர் துணைக்கு வந்தவர்.

"என் முதுகுக்குள்ள குதிரை வால் இருக்குதாம்பா" என்றார் பெரியவர்.

"அப்புறம் ஏன் மாமா நொண்டிக்கினு வர்ற?"

"சிரிக்காத. முதுகெலும்பு அடியில நரம்பெல்லாம் கத்தையா தொங்குதாம். குதிரை வாலாட்டம் இருக்குதுன்னு லத்தீன்ல அந்தப் பேரையே வெச்சிட்டாங்களாம். அது நசுங்கித்தான் கால் போச்சு. உட்கார்ற இடமே மரத்துது. தறிக்குழியில உட்கார்ந்தா யாருக்குத்தான் மரக்காதுன்னு விட்டுட்டேன். ஒண்ணுக்குப் போறதே தெரியாம வேட்டி நனைஞ்சப்புறம்தான் வந்தேன். மரத்த அன்னிக்கே வந்திருந்தா கால் தப்பியிருக்கும்னு டாக்டர் திட்டுனாரு."

திட்டியது சரிதான். மரத்துப் போவதையும் வேலையில் சேர்த்துக்கொண்ட ஊர் இது.

சின்னவர் குரலைத் தாழ்த்தினார்.

"எழுந்து நடந்தா மரப்பு போயிடணுமா மாமா?"

"போயிடணும். ஏன்?"

"எனக்கு நேத்துலேர்ந்து போகல."

பெரியவர் அவரை முறைத்தார். "இதை வெச்சிக்கினா என்னை வண்டியில ஏத்திக்கினு வந்த, அறிவு கெட்டவனே!"

தன் டோக்கனை அவர் கையில் திணித்தார். "முதல்ல நீ உள்ள போ."