புதுப்பூச்சுச் சொம்பு பற்றி அக்பர் பாஷா சொன்னது

என் பெயர் அக்பர் பாஷா. வயது நாற்பத்திரண்டு. காலமான காதர் பாஷாவின் மகன். மயிலாப்பூர் தெப்பக்குளத்துக்குப் பின்னால் உள்ள சந்தில் குடியிருந்து, வீடு வீடாகப் போய்ப் பித்தளைப் பாத்திரங்களுக்கு ஈயம் பூசிப் பிழைத்து வருகிறேன். என் பூச்சில் முகம் பார்த்துப் பொட்டு வைத்துக்கொள்ளலாம் என்று மாட வீதியில் சொல்வார்கள். இதையும் எழுதிக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன்.

தியாகராய நகரில் புது வீடு கட்டியிருக்கும் ரிடயர்டு தாசில்தார் கங்காதர ஐயர், நான் சொம்புக்குள் ஒரு பாட்டை அடைத்துக் கொடுத்து அவரை ஏமாற்றியதாகப் புகார் கொடுத்திருப்பதை இன்ஸ்பெக்டர் ஐயா தாங்கள் வாசித்துக் காட்டினீர்கள். அடைத்தது உண்மை. ஆனால் நான் அடைப்பது பாட்டை அல்ல, நேரத்தை. பாத்திரத்தைக் காய்ச்சி, நவச்சாரம் தூவி, உருகின ஈயத்தைப் பஞ்சால் தேய்க்கும்போது பஞ்சை இடப்பக்கமாகவே சுற்றிக்கொண்டிருந்தால், அப்போது பக்கத்தில் நடப்பதெல்லாம் பூச்சுக்கடியில் தங்கிவிடும். பிறகு சூடாக எதை ஊற்றினாலும், சூடு தொட்ட இடத்தில் உள்ள நேரம் ஆவியோடு வெளியே வரும். ஒருமுறை வந்துவிட்டால் பாத்திரம் நன்றாக ஆறின பிறகுதான் மறுபடி வரும். பிள்ளை முதன்முதலாகத் தவழ்ந்த நேரம், பாஸ் ஆன தந்தி வந்த நேரம் என்று பலருக்குப் பூசிக் கொடுத்திருக்கிறேன். இதுவரை ஒருவரும் குறை சொன்னதில்லை.

போன மாதம் உபாத்தியாயர் சந்திரமௌலியின் மனைவி ஜெயலக்ஷ்மி அம்மாள் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். அவர் மகள் நீரஜா தனியாக இருந்தால் அருமையாகப் பாடும். பெண் பார்க்க வந்தவர்கள் முன்னால் உட்கார்ந்தால் தொண்டை அடைத்துவிடும். அதனால் முன்பே இரண்டு வரன்கள் தட்டிப்போயின. இதுவும் தட்டினால் இனிமேல் யார் முன்னாலும் வந்து உட்கார மாட்டேன் என்று அந்தப் பெண் சொல்லிவிட்டதாம். "வரவா பாட்டுத்தான் மொதல்ல கேப்பா பாய். இவ பாட்டை இந்தச் சொம்புல பூசிக் குடுத்துடேன்" என்றார் அம்மாள்.

அதன் பிறகு நான் கொல்லையில் துருத்தி போட்டேன். பெண் கிணற்றடியில் உட்கார்ந்து தோடி பாடியது. என் கண்ணில் நீர் வந்தது, புகையினால் அல்ல. பாட்டு முடிந்ததும் நிறுத்தச் சொல்லி அம்மாள் கை காட்டினார். ஆனால் சொம்பின் விளிம்பு பாக்கி இருந்தது. அரைகுறைப் பூச்சோடு ஒரு பாத்திரத்தையும் நான் கைவிட்டதில்லை. ஆகவே தேய்த்துக்கொண்டே இருந்தேன். வேலை முடிந்தது என்று நினைத்து அந்தப் பெண் தாயாரோடு பேச ஆரம்பித்தது. அந்தப் பேச்சு விளிம்பில் தங்கிவிட்டது. விளிம்புவரை யார் சுடுதண்ணீர் ஊற்றப் போகிறார்கள் என்று நானும் சும்மா இருந்துவிட்டேன்.

அதன் பிறகு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் கங்காதர ஐயரும் அவர் மகன் கல்யாணராமனும் வந்தார்கள். சூட்டுப் பக்குவம் பார்க்க என்னைக் கொல்லையில் இருக்கச் சொல்லியிருந்தார்கள். கொல்லை வாசலிலிருந்து கூடம் நேராகத் தெரியும். பெண் தலையைக் குனிந்து உதட்டை அசைத்தது. அம்மாள் கதவுக்குப் பின்னால் நின்று சொம்பில் அரைவாசி வெந்நீர் ஊற்றினார். பாட்டு எழுந்து கூடமெல்லாம் நிறைந்தது. நடுவில் கிணற்றடிக் காக்கை ஒன்றும் கரைந்தது. ஐயர் தொடையில் தாளம் போட்டபடியே ஜன்னலைப் பார்த்தார்.

அதன் பிறகு எல்லோருக்கும் காபி கொடுத்தார்கள். ஐயர் சந்தோஷமாக இன்னும் கொஞ்சம் கேட்டார். விருந்தாளிக்குப் புதுப்பூச்சுப் பாத்திரத்தில் கொடுப்பது அந்த வீட்டு வழக்கம். விஷயம் தெரியாத சந்திரமௌலியின் அக்காள், வெந்நீரைக் கொட்டிவிட்டு அதே சொம்பில் காபியை எடுத்து வந்து, ஐயர் டம்ளரில் சாய்த்தார். சாய்த்ததும் சூடு விளிம்பைத் தொட்டது. அந்தப் பெண்ணின் குரல் வந்தது:

"அந்த மாமாவுக்கு மீசைல எப்பவும் காபி நுரை ஒட்டிண்டிருக்குமாம், அம்மா. சொல்றதுக்கு அவாத்துல ஒருத்தருக்கும் தைரியம் கிடையாதாம். நான் போனா மொதநாளே சொல்லிடுவேன். பாட்டு வேணும்னா அவா கிராமபோன் வாங்கிக்கட்டும். எனக்கு என் பேச்சைக் கேக்கறவர் கிடைச்சாப் போறும்."

பெண்ணோ வாயை மூடி உட்கார்ந்திருந்தது. எல்லோரும் ஐயர் மீசையைப் பார்த்தார்கள். நுரை இருந்தது. கல்யாணராமன் அங்கவஸ்திரத்தை வாயில் வைத்து அடக்கிப் பார்த்து, முடியாமல் சிரித்துவிட்டார். ஐயர் டம்ளரை வைத்துவிட்டு மகனை இழுத்துக்கொண்டு வெளியே போனார். பெண் கிணற்றடிக்கு வந்து அழுதது. பாழாய்ப்போன விளிம்பை விட்டிருக்கலாமே என்று மனம் நொந்து நான் அன்றைக்குச் சாப்பிடவில்லை.

மறுநாள் கல்யாணராமன் தனியாக வந்து, "பாட வேண்டாம், பேசினாப் போறும்" என்று சொன்னாராம். விளக்கு வைக்கும் வரை பெண் பேசியதாம், தொண்டை அடைக்கவே இல்லையாம். இதைச் சந்திரமௌலி என் வீட்டு வாசலுக்கே வந்து சொன்னார். ஆனால் தகப்பனார் சம்மதமில்லாமல் கல்யாணம் இல்லை என்று பிள்ளை சொல்லிவிட்டார். ஐயரோ அதற்குள் இங்கே புகார் எழுதிக் கொடுத்துவிட்டார்.

இன்று காலை தாங்கள், பெண் வீட்டிலிருந்து இங்கே எடுத்துவரச் செய்த அந்தச் சொம்பில் வெந்நீர் ஊற்றச் சொன்னீர்கள். பாட்டு வந்தது. அதன் பிறகு ஏட்டு ஐயா தண்ணீரைச் சாய்த்தார். பேச்சும் வந்தது. அப்போதுதான் இங்கே காபி குடித்து முடித்திருந்த ஐயரின் கை தானாக மீசைக்குப் போயிற்று. விரலைப் பார்த்தார். துண்டால் துடைத்துக்கொண்டார். பிறகு என்னைப் பார்த்து, "இன்னொரு தரம் ஊத்து" என்றார். ஆற வேண்டும் என்றேன். ஆறும் வரை உட்கார்ந்திருந்து, மறுபடி ஊற்றச் சொல்லி முழுவதும் கேட்டார்.

"எங்காத்துக்காரி இருந்தவரைக்கும் தெனம் சொல்லுவா. அவ போனதுக்கப்புறம் ஒருத்தரும் சொல்லலே" என்றார். தங்களுக்கும் அது கேட்டது. அதன் பிறகு, சொம்பைத் தனக்குக் கொடுத்தால் புகாரை வாபஸ் வாங்குவதாகச் சொன்னார்.

"அது பொண்ணோட சீரு சாமி. பொண்ணு வந்தாத்தான் அதுவும் வரும்" என்றேன்.

ஐயர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். பிறகு வாசலில் நின்ற மகனிடம், "ஜட்கா கூப்பிடுடா. அவாத்துல விளக்கு வெக்கறதுக்குள்ள போயிடணும்" என்றார்.

எழுத ஆரம்பித்ததை முடித்தாக வேண்டும் என்று தாங்கள் சொன்னதால் இவ்வளவும் சொன்னேன். வாசிக்கக் கேட்டேன், நான் சொன்னபடியே இருக்கிறது, பொய் கலக்கவில்லை. முகூர்த்தத்துக்கு முன் சொம்பைப் பெண் வீட்டாரிடம் திருப்பிக் கொடுக்கவும், அதுவரை ஸ்டேஷனில் யாரும் அதில் டீ வாங்கி வராமல் பார்த்துக்கொள்ளவும் வேண்டுகிறேன்.

(ஒப்பம்) அக்பர் பாஷா
மயிலாப்பூர், 1934 ஜூலை 9