போட் ரெஞ்சியும் பிளாஸ்டிக் நட்டும்

உஸ்ஸ்ஸ்ஸ்... கேக்குதா சேர்? பாம்பில்ல, பயப்படாம வாங்க. செருப்பக் கழட்டாதீங்க, மிதந்து போயிரும். இஞ்சால, குளிக்கிற அறைக்கு. ஓம், நான்தான், பக்கத்து ஊட்டு எஞ்சின் காலிதீன். கை குடுக்கேலா, ரெண்டு கையாலயும் ஹோஸப் பொத்திப் புடிச்சிக்கிட்டு நிக்கன். புதுசாக் குடி வந்தவர், பேங்க் சேர், முதல் முதலா எங்கட ஊட்டுக்கு வாறீங்க... இந்தக் கோலம். தேத்தண்ணி ஊத்தலாம், தண்ணிக்கு மட்டும் குறைவில்ல.

வாசிங் மிசின் சேர்! சண்டை முடிஞ்சி, பாதை துறந்து, கொழும்புச் சாமானெல்லாம் லொறி லொறியா வந்திறங்குது. நல்ல காலம் பொறந்திட்டாம். என்ட ஊட்டுல பொறந்த நல்ல காலம் இதுதான், மூஞ்சில பீச்சி அடிக்குது.

கேளுங்க, இவ்வளவு பெரிய மிசின், இறக்க நாலு பேர் வேணும். அதுட தண்ணி ஹோஸுக்கு வெச்சிரிக்கான் பிளாஸ்டிக்குல ஒரு நட்டு! சோடாப் போத்தல் மூடி கெட்டுது! கடைக்காரன் வேற எனக்குப் படிச்சித் தாறான், "காலிதீன் காக்கா, இத கையாலதான் இறுக்கணும், கடைசியில குறட்டால ஒரு சின்னக் கிறுகல், அதோட விட்டிரணும்" எண்டு. சிரிச்சிட்டன். யாருக்கிட்டக் கதைக்கிறான்? திருக்கோயில்ல இருந்து மருதமுனை மட்டும் கடல்ல ஓடுற போட் எஞ்சினெல்லாம் யார்ட கை பட்டது? நான் இறுக்கின நட்டக் கழட்ட நானேதான் வரணும். நானும் பாடுபடணும்!

அந்த ரெஞ்சிய எடுங்க, காலுக்குள்ள கெடக்கு. பாரமா? இரிக்கும், போட்டுக்குரிய சாமான். புடியில ஒரு இரும்புக் குழாயையும் சொருகிரிக்கன், அப்பதான் வாகு. நட்டுக்கு வெள்ளை டேப் ஒரு உருண்டை முழுக்கச் சுத்தினன். மறுகா சணல். மறுகா கிறீஸ். மறுகா இதால ஒரு முறுக்கு. "டிக்" எண்டிச்சு. ஆ, இறுகிட்டு எண்டு இன்னொரு முறுக்குக் குடுத்தன். வல்லாஹி, கடைக்காரன் வித்தது வெடிச்ச நட்டு சேர். நாளைக்குப் போறன், அவனுக்கு இரிக்கி.

என்ன பாக்கிறீங்க, பைப்பப் பூட்டினா என்ன எண்டா? பூட்டலாம். பைப்பிட கைபுடியையும் நான்தான் இறுக்கின. அந்தா, முறிஞ்சி யன்னல்ல கெடக்கு.

டேங்கி வால்வு மேல, கொங்கிறீட் தட்டுல. அங்க ஆள் இரிக்கி. சுஹறா, என்ட பொஞ்சாதி. "பூட்டு புள்ள, பூட்டு" எண்டு கத்திக் கத்தித் தொண்டை கிழிஞ்சிட்டு, மருந்துக்கும் மறுமொழி இல்ல. மகாராணி மேல கொலு இரிக்காங்க. கீழ அடிமை தண்ணியப் புடிச்சிக்கிட்டு நிக்கான்.

நில்லுங்க, நில்லுங்க! நீங்க ஏறாதீங்க சேர். குறை நினைக்காதீங்க, தலையில முக்காடும் இல்லாம ஓடினவ, அந்நிய ஆம்புளையக் கண்டா அங்கால குதிச்சாலும் குதிப்பா. நான் கைய எடுத்தா ஊடு குளம்.

கோவத்துல ஏறல்ல சேர் அவ. தண்ணி கதவுக்குக் கீழால அடுப்படிக்குள்ள போச்சு... கண்டா. அவ்வளவுதான். வெளிப்படியால ஒரே ஓட்டம். சுனாமியண்டைக்கும் முதல்ல அப்பிடித்தானாம் வந்த, கதவுக்குக் கீழால, மெல்லமா, ஆரோ வாளியத் தட்டி விட்ட மாதிரி. கடற்கரை ஊடு அப்ப. நான் கொழும்புல, எஞ்சின் சாமான் வாங்கப் போயிருந்தன். அவ தட்டுல ஏறி டேங்கியக் கட்டிப் புடிச்சிக்கிட்டு நிண்டிரிக்கா. மணிக்கட்டு அதுல போனதுதான். வலது கை. உடுப்புப் புழிய ஏலா, புழிஞ்சா ராவெல்லாம் கையத் தடவிக்கிட்டு இரிப்பா. அதுக்குத்தானே இந்த இழவு மிசின்!

"தண்ணி நிறையிற மிசினா, உள்ளுக்கா வெக்கப் போறீங்க?" எண்டு கேட்டா. ஒரு சொட்டு வெளிய வராது புள்ள, வந்தா என்ட பேர மாத்து எண்டன். சொன்ன சொல்லு பிசகல்ல பாருங்க, ஒரு சொட்டு வரல்ல. எல்லாம் ஒண்டா வந்திட்டு.

என்ன சேர் கையில? ஓ, அந்தக் கறுப்பு வளையமா, ரப்பர். நட்டுக்குள்ள கெடந்த. சணலுக்கு இடம் காணல்ல, நோண்டி எடுத்து வீசிட்டன். என்னத்துக்கு அதத் திருப்பித் திருப்பிப் பாக்கிறீங்க... அதுதானா? தண்ணிய மறிக்கிற அதுதானா? அத உள்ளுக்கு வெச்சி, கையால இறுக்கினா...

ம்.

சரி, கடைக்காரன விடுங்க. நட்டு நல்ல நட்டுத்தான். ஆனா ஒண்டு கேக்கிறன் சேர். கையால மெல்ல இறுக்கிப்போட்டு, அவக்கிட்டப் போய், "இது போதும், இனி வராது" எண்டு நான் எந்த வாயால சொல்ற? எனக்கே நம்பிக்கை இல்லயே. பெரிய ரெஞ்சியக் கண்டாலாவது அவ நம்புவா எண்டுதானே...

சேர்?

போயிட்டாரா? யா அல்லாஹ், இவ்வளவும் செவுத்துக்கா சொன்னன்! பேங்க் ஆக்கள் இப்பிடித்தான், வாயத் துறந்து கஷ்டத்தச் சொன்னா எழும்பிப் போயிருவாங்க. ரெஞ்சிய வேற காலுல போட்டுட்டுப் போயிரிக்காரு. பக்கத்து ஊடாம், உதவியாம்! இனி இந்த மனிசனோட நான்...

என்ன இது? உஸ்... உஸ்... நிண்டுட்டா?

நிண்டுட்டு!

ஆர் மேல கதைக்கிற? பொம்புளக் குரல்... சர்மினி டீச்சர்ல! சேர்ட மிஸிஸ். அட, இதுக்கா போன மனிசன்! ஊட்டுக்குப் போய்ப் பொஞ்சாதிய மேல அனுப்பி வால்வப் பூட்ட வெச்சிரிக்காரு. நான் இவ்வளவு நேரமும் வாயாலதான் தண்ணி மறிச்சிக்கிட்டு நிண்டிரிக்கன்.

சுஹறா? படியில பாத்து இறங்கு. டீச்சர்ட சால்வையா தலையில? நல்லாரிக்கி. அங்கயே நில்லு, நில்லு, கால வெக்காத, தண்ணிய வெளிய இழுத்து விட்டுட்டுக் கூப்பிடுறன். இந்தா, வடியுது பார், வாசலுக்குப் போகுது. கடலுமில்ல ஒண்டுமில்ல, டேங்கித் தண்ணி. நான் இஞ்சதான் நிக்கன்.

என்ன? ஓம் ஓம், மாத்து, பேர மாத்து. என்ன பேர் வேணுமோ வை.

வாளிய விடு. அது நேத்து ஊற வெச்ச என்ட சாரன், நான் புழியிறன். நீ இடது கையால ஒரு தலைப்பப் புடிச்சாப் போதும். இந்தப் பக்கத்த நான் முறுக்கிறன்... வலிக்குதா? இல்லயா? இன்னும் கொஞ்சம்... காணும், காணும். விடு, கொடியில போடுவம்.