குவாரிக் குழியில் கிடைத்த கேமரா

ஒரு படத்தைப் பார்த்துவிட்டு இது நிஜமா நடிப்பா என்று சண்டை போடுகிறவர்கள் மேல் எனக்குக் கோபமே வந்ததில்லை, சார். சோறு தண்ணி மறந்து விவாதிக்கிறார்கள். படம் எடுக்கிறவனுக்கு அதைவிட என்ன வேண்டும்?

எங்கள் முதல் படத்தை யாரும் விவாதிக்கவில்லை, சிரித்தார்கள். காட்டில் தொலைந்தவன் தானே எடுத்த காட்சிகள் என்று சொல்லி வெளியிட்டோம். நடித்தவன் என் தங்கையின் கணவன். "மூணு நாள் பட்டினி கிடந்தவனுக்குக் கன்னம் உப்பியிருக்கே" என்று ஒருவன் எழுதினான். பல ஆயிரம் பேர் அதைப் பகிர்ந்தார்கள். மாப்பிள்ளைதான் ரொம்ப நொந்துபோனான். "அடுத்த படத்துல ஒருத்தனும் வாயத் திறக்கக் கூடாது மச்சான்" என்றான். இதைக் குறித்துக்கொள்ளுங்கள். ஆசை அவனுடையதும்தான்.

அடுத்த கதை, கைவிட்ட கல்குவாரிக்குள் விழுந்த ஒருவனைப் பற்றியது. நாற்பதடி ஆழம். நானே மாப்பிள்ளையைக் கயிறு கட்டி இறக்கினேன். கேமரா அவன் கையில், நான் மேலே, கண்ணில் படாமல். கத்துவது, அழுவது, 'யாராவது காப்பாத்துங்க' என்பது எல்லாம் நடிப்பு. நிஜமாகவே ஏதாவது ஆகிவிட்டால் 'மச்சான்' என்று கூப்பிட வேண்டும், உடனே தூக்கிவிடுவேன். இதுதான் ஏற்பாடு.

முதல் நாளே பாறை வழுக்கி விழுந்தான். "மச்சான், கால் போச்சு. தூக்கு மச்சான்" என்றான். எட்டிப் பார்த்தேன். கீழே விழுந்த கேமரா அவன் முகத்தைப் பார்த்தபடி ஓடிக்கொண்டிருந்தது. அப்படி ஒரு முகத்தை அவன் அதுவரை எனக்குக் காட்டியதே இல்லை. ஐந்து நிமிடம் பொறுக்கலாம் என்று நினைத்தேன்.

அது நான்கு நாளாயிற்று.

நாலு நாள் பேட்டரி எப்படித் தாங்கும், அதனால் படமே பொய் என்கிறார்கள் அல்லவா? நியாயமான சந்தேகம். தினமும் காலையில் நான்தான் பேட்டரிகளைக் கயிற்றில் கட்டி இறக்கினேன். "மாத்திடு, உடனே தூக்குறேன்" என்பேன். மாற்றிவிடுவான். நான் கயிற்றை இழுத்துக்கொள்வேன். தண்ணீரும் அனுப்பியிருக்கலாம். ஆனால் உதடு நன்றாக வெடித்திருந்தது, அது கெட்டுப்போகும்.

ஐந்தாம் நாள் காலையில் அவன் பேட்டரியை எடுக்கவில்லை.

எனக்குக் காய்ச்சல், அவன் தனியாகப் போய் விழுந்துவிட்டான், தேடிப்போன இடத்தில் கேமரா கிடைத்தது என்று எல்லோரிடமும் சொன்னேன். படம் வந்தால் அவன் பேர் நிற்கும் என்று தங்கையிடம் கையெழுத்து வாங்கினேன். பாதிப் பேர் நிஜம் என்றார்கள், பாதிப் பேர் அபார நடிப்பு என்றார்கள். எப்படிப் பார்த்தாலும் மாப்பிள்ளைக்குப் பெருமைதான்.

தங்கை மூன்று மாதம் கழித்துத்தான் பார்த்தாள். அழவில்லை. "அண்ணே, வீட்டுல பல்பு மாத்த ஏணியில ஏறுனாக்கூட அவரு உன்னைத்தானே கூப்பிடுவாரு? இதுல அம்மான்றாரு, என் பேரச் சொல்றாரு. நாலு நாளும் உன்னை ஒரு தடவகூடக் கூப்பிடலையே, ஏன்?" என்று கேட்டாள். அங்கிருந்து நேரே இந்தப் போலீஸ் ஸ்டேஷனுக்கு, உங்களிடம் வந்துவிட்டாள்.

கூப்பிட்டான், சார். இந்த மெமரி கார்டில் வெட்டாத காட்சிகள் எல்லாம் இருக்கின்றன. அவன் கடைசியாகச் சொன்னதும் 'மச்சான்'தான். நான் மேலே இருந்தது தெரிந்துவிடும் என்று ஒவ்வொன்றாக வெட்டினேன். மனசே வரவில்லை, எல்லாம் அத்தனை அருமையாக வந்திருந்தன. வெட்டியிருக்கக் கூடாது. இந்தப் படத்தில் நான் செய்த தப்பு அது ஒன்றுதான்.