மே மாசத்துல ஸ்வெட்டரு

...எனுக்கு இன்னாத்துக்கு தைராய்டு மாத்தர, நீயே சொல்லு தம்பி! பதினஞ்சு வருசமா சுகரு. இன்சுலின் குத்திக் குத்தி வயிறு சல்லடையாட்டம் கீது. அதுக்கு இந்த அப்பாசாமி ஒரு வார்த்த மொணகிக் கீறனா? இல்ல. ரெண்டு மாசத்துக்கு முன்ன இந்த டாக்டரு ரிப்போர்ட்டப் பாத்துட்டு சிரிச்சாரு. "சுகரு சூப்பரா இருக்கு பெரியவரே. ஆனா தைராய்டு ரொம்ப மந்தம். அதனால இன்சுலின் ஒடம்புலயே தங்கிடுது. இன்சுலின கொறைங்க, காலைல வெறும் வயித்துல இந்த மாத்தரய போடுங்க"ன்னாரு. போட்டேன். பேஜாராப் பூட்ச்சி!

நெஞ்சு மோட்டார் போட்டாட்டம் அடிக்குது. கை ஒதறுது பாரு. போன வாரம் முட்டுக்காட்டுல படகுல குந்திகினு வலைய புடிச்சேன். நான் ஒண்ணுமே பண்ல. கை ஒதறுச்சி, கூடவே வலையும் ஒதறுச்சி. மீனுங்கல்லாம் இன்னாடா திருவிழான்னு கூட்டமா வந்து உள்ள பூந்துகினு... எம்பது கிலோ! நம்பலியா? சரி, எட்டு. சிரிக்காத. மூணுன்னு வெச்சிக்கோ, அதுக்குக் கீழ எறங்க மாட்டேன்.

அய்ய, இவன் உன் தோள்ல சாஞ்சிட்டானா? தள்ளி வுடு. எம் மச்சான் ராமதாஸ். எந் தங்கச்சி பொன்னிய கட்டிகினவன். செங்கல்பட்டுல வெளிய கால வெச்சா செருப்பு உருகுது, இவன் ஸ்வெட்டர் போட்டுகினு கீறான் பாரு! குளுருதாம்! ஒரு வருசமா இப்டித்தான். மூஞ்சி பன்னாட்டம் உப்பி, கொரலு தவளையாட்டம் கரகரன்னு... மாமல்லபுரத்துல பஸ் ஏறி முட்டுக்காட்டுல எறங்க வேண்டியவன், தூங்கிகினே திருவான்மியூர் பூட்டான். பொன்னி சோம்பேறின்னு திட்டுறா. நான் இன்னா சும்மாவா வுடுவேன், அவளுக்கு மேல திட்டுறேன்.

இன்னா சொல்லிகினு இருந்தேன்... ஆங், மாத்தர. நேத்து வூட்டு மிஷின்ல குத்திப் பாத்தேன், முன்னூத்தி எம்பது! நீ மருந்து கம்பெனிதான? டையி, ஷூவு, இம்மாம் பெரிய பையி, பாத்தாலே தெரியுது. நாங்க ஏழு மணிக்கு டோக்கன் வாங்கிகினு குந்திகினு கீறோம், நீங்க பத்து மணிக்கு வந்து நேரா உள்ள பூந்துடுவீங்க. கோச்சிக்காத, சும்மா சொன்னேன். இந்த மாத்தரைக்கும் சுகருக்கும் இன்னாப்பா சம்மந்தம்?

...ஆங்? தைராய்டு நல்லா கீறவன் அத போட்டா நெஞ்சு படபடன்னு அடிக்குமா? குத்துற இன்சுலினும் பத்தாம சுகரு ஏறுமா? நான் கொறைச்சி வேற குத்திகினு கீறேனே... அப்ப ரிப்போர்ட்டு தப்பான்னு கேக்கறியா? ரிப்போர்ட்டு தப்பு இல்ல தம்பி. அது வந்து... கிட்ட வா. ரத்தம்தான் தப்பு.

எம் பொண்ணு சிநேகா கூடுவாஞ்சேரில மூணாவது மாடில கீறா. "நைனா, இந்த வாட்டி சுகரு ஏறுச்சின்னா படக வித்துட்டு எங்க கூட வந்துடணும்"னு சொல்லிட்டா. மூணாவது மாடில நான் எங்க வல போடறது, தண்ணி டேங்குலயா? அதான், லேபுல "அப்பாசாமி"ன்னு கூப்டப்ப இவன உள்ள தள்ளி வுட்டேன். சுகரே இல்லாத ஒடம்பு. ஒரு பிளேட்டு எறா வறுவலுக்குக் கைய நீட்டிட்டான். தூங்கிகினே ரத்தம் குடுத்தான்பா! டாக்டரு தைராய்டையும் சேத்து எழுதிக் குடுப்பாருன்னு நான் இன்னா கனவா கண்டேன்?

இன்னைக்கும் அதுக்குத்தான் இட்டாந்து கீறேன். இன்னா அப்டி பாக்கற? என்ன பாரு, இவன ஏன் பாக்கற? ஸ்வெட்டரா... மூஞ்சியா... ஒரு வருசம்தான், ஏன்?

அடப்பாவி! அப்ப மந்தமா கீற தைராய்டு இவனுதா? இவன் மாத்தரய நான் துன்னுகினு, இவன சோம்பேறின்னு வேற... இவன இப்டியே வுட்டா இன்னா ஆவும்? நெஞ்சுக்கே ஆவாதா? சும்மா பயமுறுத்தாத தம்பி.

இன்னாம்மா நர்ஸு, எங்க டோக்கன் முன்ன கீது, அவர கூப்புடறியே! தம்பி, உள்ள போயி வாய தொறக்காத. உனுக்கு ரெண்டு பிளேட்டு எறா. தம்பி! கேட்டியா? பூட்டான்...

டேய் மச்சான். ஏந்திருடா. டேய்... இன்னாடா கையி ஐஸாட்டம் கீது. ம்முன்னு மொணகுறியா... சரி, தூங்கு, தூங்கு.

தம்பி! கதவ சாத்தாத! சொல்லிடு! அந்த மாத்தர இவனுதுன்னு சொல்லிடு! ரத்தத்த மாத்துனது நான்தான்னும் சொல்லு. படகு விசயம் நான் சிநேகாகிட்ட பேசிக்கறேன்.

அப்டியே அந்த மீனு... எம்பது கிலோன்னே சொல்லு!